மருதாணிப் புள்ளியில் போட்ட ஊசி

வலி என்றால் ஊரில் எல்லோருக்கும் வருகிறதுதான். தலைவலி வரும், பல்வலி வரும், இரண்டு நாள் படுத்தி எடுத்துவிட்டுப் போய்விடும். எனக்கு வந்தது அந்த ஜாதியில்லை. இடப்பக்கம், இடுப்புக்குக் கீழே தொடையெலும்பு வெளியே முட்டிக்கொண்டு நிற்குமே, சரியாக அந்த இடத்தில் வந்து குடியேறிவிட்டது. அந்தப் பக்கம் திரும்பிப் படுக்க முடியாது. உட்கார்ந்தால் எழும்ப முடியாது. மாடிப்படி ஏற வேண்டுமென்றால் ஒவ்வொரு படிக்கும் ஒரு யா அல்லா. என்னைவிட மூத்த பொம்பளைகள் தெருவில் விறுவிறுவென்று நடந்து போவதைப் பார்த்தால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அப்போது எனக்கு நாற்பது வயதுகூட நிறையவில்லை.

ராமநாதபுரம் சீமையில் கடலோர ஊர் எங்களுடையது. அறுபதுகளின் தொடக்கம். என் வீட்டுக்காரர் கொழும்பில் கடை வைத்திருந்தவர். எங்கள் ஊர் ஆம்பளைகளில் பாதிப்பேர் அப்படித்தான். வருவார்கள், போவார்கள், பிள்ளை பிறந்த சேதி அவர்களுக்குத் தபாலில் போகும். எனக்குக் கல்யாணமான நாளிலிருந்து நான் அவரோடு சேர்ந்து போன தூரமெல்லாம் ராமநாதபுரம் வரைக்கும்தான். அங்கே நிலைமை சரியில்லை என்று கடையை வேறொருவருக்குக் கொடுத்துவிட்டு ஒருவழியாக ஊரோடு வந்து சேர்ந்தார். வந்தவர், இந்த வருஷம் ஹஜ்ஜுக்குப் போவோம், நீயும் வா என்றார். பம்பாயில் கப்பலேறி ஜித்தா போவது. அந்த வார்த்தையைக் கேட்ட அன்று எனக்குச் சோறு இறங்கவில்லை. மக்காவுக்குப் போகிற சந்தோஷம் ஒன்று. அவரோடு போகிறேன் என்கிற சந்தோஷம் ஒன்று. எது பெரிது என்று கேட்டால் இப்போதும் எனக்குச் சொல்லத் தெரியாது.

அந்த வருஷம் பார்த்துத்தான் இந்த வலி வந்தது.

வீட்டில் எங்களையும் பிள்ளைகளையும் தவிர இன்னொரு ஆள் உண்டு. என் வீட்டுக்காரரின் அக்கா. அவர் லாத்தா என்று கூப்பிடுவார், நான் மதினி என்பேன். சின்ன வயதிலேயே புருஷன் மௌத்தாகி, பிள்ளையும் இல்லாமல், தம்பி வீட்டோடு வந்து இருந்தவர். கட்டையான உருவம், ஆம்பளை போல அகலமான கை. ஒரு வக்துத் தொழுகையும் தவறவிடமாட்டார். வாயில் பொய்யே வராது. அதுதான் மதினியோடு குடித்தனம் நடத்துவதில் இருந்த பெரிய கஷ்டம். கல்யாண வீட்டில் போய் நெய்ச்சோறு தின்றுவிட்டு, வீட்டுக்காரி மரியாதைக்கு "சாப்பாடு எப்படி?" என்று கேட்டால், "கறி வேகல, உப்பும் கம்மி" என்று முகத்துக்கு நேரே சொல்லிவிட்டு வெற்றிலை கேட்பவர். நான் பக்கத்தில் நின்று துப்பட்டியால் முகத்தை மூடிக்கொள்வேன்.

எண்ணெய் தேய்த்தேன். கடல் மணலை வறுத்து மூட்டை கட்டி ஒத்தடம் கொடுத்தேன். ஆலிம்சா ஓதிக் கொடுத்த தண்ணீரைக் குடித்தேன். ஆட்டுக்கால் சூப்பு குடித்துக் குடித்து, ஆட்டைக் கண்டாலே எனக்கு ஓங்கரிப்பு வந்தது. வலி அசையவில்லை. பிறகு தொழுகையிலும் வந்து கை வைத்தது. கடைசி இருப்பில் அத்தஹியாத்து ஓதும்போது நாங்கள் இரண்டு காலையும் வலப்பக்கம் ஒதுக்கிவிட்டு இடப்பக்கம் பாரத்தைக் கொடுத்து உட்காருவோம். அப்படி உட்கார்ந்தால் அந்த எலும்பில் ஆணி வைத்து அடிக்கிற மாதிரி இருக்கும். நெற்றியைத் தரையில் வைக்கும் சுஜூதிலிருந்து எழுந்து நிற்பதும் முடியவில்லை. முக்காலியில் உட்கார்ந்து தொழ ஆரம்பித்தேன். உள்ளறையில் பொம்பளைகள் தொழுவது ஆம்பளைகளுக்குத் தெரியாது. மதினிக்கு மட்டும் தெரியும். பக்கத்தில் முசல்லா விரித்து, அந்தத் தொழுகைப் பாயில் நின்று தொழுகிறவர் அவர்தான்.

ஒருநாள் சோறு வைக்கும்போது தம்பியிடம் சொல்லிவிட்டார். "தம்பி, உம் பொண்டாட்டி உக்காந்துதான் தொழுறா. ஒனக்குத் தெரியட்டும்."

நான் அடுப்படியில் நின்று கேட்டேன். கையிலிருந்த அகப்பையை மதினி தலையில் போடலாமா என்று வந்தது.

வீட்டுக்காரர் கையைக் கழுவிவிட்டு என்னைக் கூப்பிட்டார். சத்தம் போடவில்லை. அவர் சத்தம் போட்டால்கூட நான் பதிலுக்குச் சத்தம் போட்டுச் சமாளித்துவிடுவேன்.

"நின்னு தொழ முடியாதவ அங்கன கஅபாவை எப்படித் தவாபு சுத்துவே? சஃபா மலைக்கும் மர்வா மலைக்கும் எப்படி நடப்பே? கப்பல்ல எத்தனை நாள் கிடக்கணும்னு தெரியுமா? அவ்வளவு சனத்துக்கு நடுவுல நான் ஹஜ்ஜு அமலைப் பார்ப்பேனா, ஒன்னையத் தூக்கிச் சுமப்பேனா?"

"தூக்கச் சொல்லி நான் கேட்டேனா? தவழ்ந்தாவது செய்வேன்."

"தவழ்றதுக்கு நான் கூட்டிட்டுப் போகல. ஹஜ்ஜு மனு போறதுக்குள்ள நீ நின்னு தொழுதுட்டா நீ வா. இல்லன்னா லாத்தா வரட்டும். நான் கூட்டிட்டுப் போகாட்டி அவளை யாரு கூட்டிட்டுப் போவா?"

அதில் நியாயம் இருந்தது.  பொம்பளை தனியாக ஹஜ்ஜுக்குப் போகக்கூடாது. புருஷன், மகன், சகோதரன் என்று யாராவது கூட வர வேண்டும். மதினிக்கு இந்த ஒரு தம்பிதான். கடையை விட்டுவிட்டு வந்தவரிடம் இரண்டு பேருக்குமேல் வசதி இல்லை. ஆக, நான் நடந்தால் மதினி வீட்டில், நான் நடக்காவிட்டால் நான் வீட்டில். அன்றிலிருந்து மதினி அம்மியில் மசாலா அரைக்கும்போது வாய்க்குள் ஏதோ முணுமுணுப்பார். காதைக் கொடுத்துக் கேட்டேன். ஹாஜிகள் சொல்லும் "லப்பைக்க அல்லாஹும்ம லப்பைக்" மனப்பாடமாகிக்கொண்டிருந்தது. எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவில்லை. நான் இன்னும் உயிரோடுதான் இருக்கிறேன் என்று சொல்லலாம் போல இருந்தது, ஆனால் ஓதுகிறவரை எப்படித் தடுப்பது?

ராமநாதபுரத்தில் புதிதாக வந்திருந்த ஒரு டாக்டரைப் பற்றிச் சொன்னார்கள். மதுரையில் பெரிய ஆஸ்பத்திரியில் வேலை பார்த்தவர், இளவயது. வீட்டுக்காரர் எங்கள் இரண்டு பேரையும் பஸ்ஸில் கூட்டிப்போய், டாக்டரின் அறைக்குள் அனுப்பிவிட்டு வெளியே பெஞ்சில் உட்கார்ந்துகொண்டார். பொம்பளை வைத்தியத்துக்கு ஆம்பளை உள்ளே வருவது எங்கள் பக்கம் வழக்கமில்லை, துணைக்கு மதினி இல்லாமல் நான் உள்ளே போக முடியாது. யாருக்கு நான் குணமாகக்கூடாதோ அவரையே துணைக்குக் கூட்டிப் போக வேண்டியிருந்தது. என் தலையெழுத்தை என்ன சொல்ல!

டாக்டர் தொடாமலே விசாரித்தார். எந்தப் பக்கம் படுத்தால் வலிக்கிறது, படியேறும்போதா இறங்கும்போதா, காலை மடக்க முடிகிறதா, ஊசி குத்துகிற மாதிரியா, இழுக்கிற மாதிரியா. பிறகு சொன்னார்: "மூட்டுல ஒண்ணுமில்லம்மா. அந்த எலும்புக்கும் அதுக்கு மேல போற சதைக்கும் நடுவுல சின்னதா ஒரு நீர்ப்பை இருக்கு. சதை எலும்புல உரசாம இருக்கறதுக்கு. அது புண்ணாகி வீங்கியிருக்கு. எண்ணெய் தேய்ச்சா அது வரைக்கும் போகாது. இதுக்குப் புதுசா ஒரு மருந்து வந்திருக்கு. அதை நேரா அந்தப் பையிலயே ஊசியாப் போடணும். மதுரையிலேருந்து வரவழைக்கிறேன். ஆனா எங்கே ரொம்ப வலிக்குதுன்னு நான் அமுக்கிப் பார்த்தாத்தான் போட முடியும்."

மதினி துப்பட்டிக்குள்ளிருந்தே பதில் சொன்னார். "அது முடியாது டாக்டரய்யா. ஆம்பளை கை வைக்க முடியாது."

"கை வைக்காம எப்படிம்மா ஊசி போடறது?"

"ஊசி படட்டும். கை படக்கூடாது."

டாக்டர் நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். அவருக்கு எங்கள் ஊர் வழக்கம் ஓரளவு தெரிந்திருக்க வேண்டும், வாதாடவில்லை. நர்ஸம்மா யாரும் அங்கே கிடையாது. இருந்த கம்பவுண்டரும் ஆம்பளை. கடைசியில் மதினியே வழி சொன்னார். வலிக்கிற இடத்தைத் தானே பார்த்து மருதாணியால் புள்ளி வைத்து அனுப்புகிறேன். துப்பட்டியில் அந்த இடத்துக்கு மட்டும் ஓட்டை போட்டுக்கொண்டு வருகிறோம். அந்தப் புள்ளியில் ஊசியைப் போட்டால் போதும். டாக்டர் கொஞ்சம் யோசித்து, சரி, செய்து பார்ப்போம் என்றார்.

மருந்து வந்துவிட்டது என்று சேதி வந்ததும் மதினி மருதாணி அரைத்தார். உள்ளறையில் என்னைச் சுவரில் கையூன்றி நிற்க வைத்துக் கட்டை விரலால் தடவித் தடவிப் பார்த்தார். அந்த இடத்தில் அமுக்கியதும் நான் போட்ட சத்தத்தில் கோழிகள் கலைந்து ஓடின. "இங்கனதான்" என்று ஒரு புள்ளி வைத்தார். மறுநாள் அது நன்றாகச் சிவந்திருந்தது. கல்யாணப் பெண்ணுக்குக் கையில் வைப்பார்கள், எனக்கு இடுப்பில்.

டாக்டர் என்னை வலப்பக்கமாகப் படுத்து இடது காலை மடக்கிக்கொள்ளச் சொன்னார். மேலே முழுக்கத் துப்பட்டி. புள்ளி இருந்த இடத்தில் மட்டும் ஓட்டை. ஸ்பிரிட் விளக்கில் ஊசி கொதிக்கிற சத்தம் கேட்டது. மதினி என் தலைமாட்டில் நின்று குல்ஹுவல்லாஹ் ஓதினார். ஊசி நீளம். உள்ளே போனது, போனது, போய்க்கொண்டே இருந்தது. நான் துப்பட்டியைப் பல்லால் கடித்துக்கொண்டேன்.

"எழுந்து நின்னு பாருங்கம்மா. வலி எப்படி இருக்கு?"

நின்றேன். அமுக்கிப் பார்த்தேன். நடந்து பார்த்தேன். "அப்படியேதான் இருக்கு டாக்டரய்யா."

டாக்டர் முகம் சுருங்கியது. சில நாள் பொறுத்துப் பார்க்கச் சொன்னார். பொறுத்தேன். வலியும் பொறுமையாக என்னோடு இருந்தது. முக்காலியில் உட்கார்ந்துதான் தொழுதேன். மதினியின் லப்பைக் மட்டும் அம்மியடியில் ஓடிக்கொண்டிருந்தது. இதற்குள் மனு கொடுக்கிற நாள் வந்துவிட்டது. ஹஜ்ஜுக்கு ஆளனுப்பும் ஏற்பாடுகளைச் செய்கிற ஏஜெண்டு ஒருவர் சாயந்தரம் அஸர் தொழுகைக்குப் பிறகு எங்கள் வீட்டுக்கு வந்து மனுவை வாங்கிக்கொண்டு மெட்ராஸ் ரயிலேறுவதாக ஏற்பாடு. அன்று காலையில் கடைசியாக ஒருமுறை டாக்டரைப் பார்த்துவிடலாம் என்று நான் அழுது பிடிவாதம் பிடித்தேன். வீட்டுக்காரர் கூட்டிப் போனார். எங்களை டாக்டரிடம் விட்டுவிட்டு, கடைத்தெருவில் வேலை இருக்கிறது என்று அவர் போய்விட்டார்.

"மருந்து இன்னும் ஒரு தடவைக்குத்தான் இருக்கு" என்றார் டாக்டர். "இதுவும் வீணாப்போனா அப்புறம் எப்ப வரும்னு சொல்ல முடியாது. இந்த மருந்தோட மரத்துப் போற மருந்தும் சேர்த்துத்தான் போட்டேன். சரியான இடத்துல போயிருந்தா உடனே வலி விட்டிருக்கணும். விடலைன்னா இடம் தப்பு. அந்தப் புள்ளியை எப்படி வைச்சீங்க? படுத்திருக்கும்போதா, நிக்கும்போதா?"

"நிக்க வைச்சுத்தான்" என்றார் மதினி.

டாக்டர் "அடடா" என்று மேஜையில் தட்டினார். சட்டைக் கையை மேலே தள்ளிவிட்டு, முழங்கையை நீட்டி, முட்டெலும்பின் மேல் பேனாவால் ஒரு புள்ளி வைத்தார். பிறகு கையை மடக்கிக் காட்டினார். புள்ளி எலும்பை விட்டு விலகி மேலே போய்விட்டது. "பார்த்தீங்களா? எலும்பு ஒரு பக்கம், தோல் ஒரு பக்கம். நிக்கும்போது வைச்ச புள்ளி, படுத்துக் காலை மடக்கினதும் நகர்ந்திடுச்சு. நான் புள்ளியிலதான் போட்டேன், வலி இருக்கிற இடத்துல போடல."

எனக்கு மதினி மேல் வந்த கோபம் கொஞ்சநஞ்சமில்லை. வேணுமென்று செய்தாரோ என்றுகூட மின்னலாக ஒரு நினைப்பு ஓடியது. ஆனால் மதினி டாக்டரின் முழங்கையையே பார்த்துக்கொண்டு நின்றதைக் கண்டதும் அந்த நினைப்பு போய்விட்டது.  

"நான் அமுக்கிப் பார்க்கட்டுமா?" என்று டாக்டர் என்னைக் கேட்டார். சரி என்ற சொல் என் வாய்வரை வந்துவிட்டது. ஹஜ்ஜே போகப்போகிறது, இனி என்ன வெட்கம் என்று இருந்தது.

மதினி முந்திக்கொண்டார். "உங்க கை எதுக்கு? என் கையைச் சொல்லுங்க, எங்கன அமுக்கணும்."

டாக்டர் ஒத்துக்கொண்டார். பிறகு என்னைப் படுக்க வைத்து, காலை மடக்கச் சொல்லி, தான் தொடாமல் தள்ளி நின்றுகொண்டு சொல்லச் சொல்ல, மதினி துப்பட்டிக்கு அடியில் கையை விட்டுத் தேடினார். "தொடையைக் கீழேருந்து மேலே தடவிட்டு வாங்க. கெட்டியா ஒரு முண்டு தட்டுப்படும். அதுக்கு மேல, கொஞ்சம் பின்னாடி. விரல் நுனியால அமுக்குங்க. மெதுவா இல்ல, நல்லா."

"இங்கன வலிக்குதா?"

"இல்ல."

"இங்கன?"

"கொஞ்சம்."

"இங்..."

நான் அலறிவிட்டேன். என் உடம்பு முழுக்கத் தூக்கிப் போட்டது. வெளியே கம்பவுண்டர் ஓடி வருகிற சத்தம் கேட்டது. மதினியின் விரல் அந்த இடத்தை விட்டு நகரவில்லை. அகலமான அந்தக் கட்டை விரல் என் வலியின் மேலேயே நின்றது.

"எடுக்காதீங்க" என்றார் டாக்டர். "அப்படியே இருங்க. நகத்தோட ஓரமாப் போடறேன்."

"என் விரல்ல குத்துனாலும் சரி, போடுங்க" என்று மதினி மறு கையால் துப்பட்டியின் ஓட்டையை விரலுக்கு நேரே இழுத்துவிட்டார்.

நான் அழுதுகொண்டே கலிமா சொன்னேன். ஊசி இறங்கியது. எலும்பில் போய்த் தட்டியது எனக்கே தெரிந்தது. டாக்டர் கொஞ்சம் பின்னால் இழுத்து மருந்தை விட்டார். உள்ளே ஏதோ விரிகிற மாதிரி ஒரு அழுத்தம், பல்லைக் கடித்தாலும் தாங்க முடியவில்லை.  

கொஞ்ச நேரம் படுக்க வைத்துவிட்டு எழச் சொன்னார்கள். எழுந்தேன். காலை ஊன்றினேன். இன்னொரு அடி வைத்தேன். அல்லாவே! அந்த இடத்தில் ஒன்றுமே இல்லை. இத்தனை மாசமாக என்னோடு குடித்தனம் பண்ணியது அந்த இடத்தைக் காலி செய்துவிட்டுப் போயிருந்தது. நான் அந்தச் சின்ன அறைக்குள் இந்தச் சுவருக்கும் அந்தச் சுவருக்குமாக நடந்தேன். "மதினி, வலிக்கல! மதினி, இங்க பாருங்க, வலிக்கல!"

"அல்ஹம்துலில்லாஹ்" என்றார் மதினி. சொல்லிவிட்டுத் திரும்பி நின்று ஓட்டை போட்ட துப்பட்டியை மடித்தார். மடித்ததை உதறினார், மறுபடியும் மடித்தார். எனக்கு அப்போதுதான் உறைத்தது. என் சத்தத்தை நிறுத்திக்கொண்டேன்.

கிளம்பும்போது டாக்டர் சொன்னார்: "மரத்துப்போற மருந்து கொஞ்ச நேரந்தான் நிக்கும். அது போனதும் இன்னிக்கும் நாளைக்கும் வலி கூடத்தான் செய்யும். பயப்படாதீங்க. உள்ளே போன மருந்து வேலை செய்ய ரெண்டு மூணு நாளாகும்."

பஸ் ஸ்டாண்டில் வீட்டுக்காரர் என் நடையைப் பார்த்தார். முகம் மலர்ந்தது. ஆனால் வியாபாரி அல்லவா, உடனே ஒத்துக்கொள்வாரா? "இது ஊசி வேகத்துல நடக்கிற நடை. வீட்டுல போயி மத்தியான லுஹர் தொழு. நின்னு தொழுதுட்டா ஒம் பேரை எழுதுறேன்" என்றார். பஸ்ஸில் மதினி ஜன்னலோரம் உட்கார்ந்து வழி நெடுக உப்பளத்தையே பார்த்துக்கொண்டு வந்தார்.  

வீட்டுக்கு வந்து கை கால் முகம் கழுவி ஒளு செய்தேன். முக்காலியைக் காலால் தள்ளி விட்டேன். மதினி பக்கத்து முசல்லாவில் நின்றார். கையை உயர்த்தித் தக்பீர் கட்டித் தொழுகையைத் தொடங்கினேன். நாலு சுற்றில் முதல் ரக்அத்து சரியாகப் போனது. இரண்டாவதிலேயே உள்ளே அது முழித்துக்கொண்டது. சுஜூதில் நெற்றியை வைத்தவள், எழ முயற்சி செய்தேன். முடியவில்லை. கையை ஊன்றினேன், இடுப்பில் நெருப்பு வைத்த மாதிரி எரிந்தது. முன்னால் இருந்த வலி இதற்கு முன் நிற்காது. அப்படியே சாய்ந்து, உட்கார்ந்தபடியே மிச்சத்தைத் தொழுது முடித்தேன். ஸலாம் கொடுக்கும்போது வலப்பக்கம் திரும்பினேன். மதினி தன் தொழுகையை முடித்துவிட்டு என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

நான் முசல்லாவில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதேன். "போச்சு மதினி. எல்லாம் போச்சு."  மதினி என் அக்குளில் கை கொடுத்துத் தூக்கிப் பாயில் படுக்க வைத்தார். தலையணையை இடுப்புக்கு அண்டக் கொடுத்தார். பிறகு தஸ்பீஹ் மணியை எடுத்துக்கொண்டு சுவரோரம் உட்கார்ந்தார். மணி உருளுகிற சத்தம் மட்டும் கேட்டுக்கொண்டே இருந்தது.

அஸர் தொழுதுவிட்டு வீட்டுக்காரர் பள்ளிவாசலிலிருந்து வந்தார். கூடவே ஏஜெண்டின் குரலும் கேட்டது. முன்கூடத்தில் நாற்காலி இழுபட்டது. ரயிலுக்கு நேரமாகிறது என்று ஏஜெண்டு சொன்னார்.  நான் எழுந்து உட்கார்ந்துகொண்டேன், படுத்திருப்பதை வீட்டுக்காரர் பார்த்துவிடக்கூடாதே. அவர் உள்வாசலில் திரைக்கு வெளியே வந்து நின்றார்.

"லாத்தா."

"சொல்லு தம்பி."

"இவகிட்டக் கேட்டா முடியும்னுதான் சொல்லுவா. நீ சொல்லு. லுஹர் எப்படித் தொழுதா?"

நான் கண்ணை மூடிக்கொண்டேன். எனக்கு மதினியைத் தெரியும். கறி வேகவில்லை என்றால் வேகவில்லை என்பவர். உம் பொண்டாட்டி உக்காந்துதான் தொழுறா என்று யாரும் கேட்காமலே சொன்னவர். இன்று கேட்கிறார்கள். அதுவும் உண்மையைச் சொன்னால் மக்கா அவருக்கு. முடிந்தது என்று நினைத்தேன்.

"நின்னுதான் தொழுதா" என்றார் மதினி. "நாலு ரக்அத்தும் நின்னுதான் தொழுதா. போ தம்பி, அவ பேரையே எழுது."

அவர் மறுபேச்சுப் பேசவில்லை. லாத்தா சொன்னால் அவருக்கு அதற்கு மேல் சாட்சி வேண்டாம். முன்கூடத்தில் பேனா மூடியைத் திறக்கிற சத்தம், பேச்சு, சிரிப்பு, பிறகு செருப்புச் சத்தம். ஏஜெண்டு போய்விட்டார்.

நான் மதினியையே பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் தஸ்பீஹை உருட்டவில்லை. மணி மடியில் கிடந்தது. முகம் வெளுத்துப்போயிருந்தது.

"என்ன மதினி இப்படிச் சொல்லிட்டீங்க? தொழுகை விஷயத்துல போயி..."

"டாக்டர் ரெண்டு மூணு நாள்ல சரியாப் போகும்னாரே. ஏஜெண்டு ரெண்டு மூணு நாள் இருப்பானா?"

"அதுக்காகப் பொய்யா?"

"பொய்தான். நான் இல்லேங்கல." மதினி எழுந்து துப்பட்டியை இழுத்துப் போர்த்திக்கொண்டார். "அந்தப் பொய்யை நீதான் கொண்டுபோகணும். அங்கன போயி எனக்காகத் தவ்பா கேளு, அல்லா மன்னிக்கட்டும். நான் இங்கனருந்து கேட்டா எட்டுமோ என்னமோ."

மறுநாளும் வலி குறையவில்லை. நான் பயந்து செத்தேன். அதற்கடுத்த நாள் இறங்க ஆரம்பித்தது. பிறகு ஒரு காலையில் எழுந்து நின்றபோது வலியைத் தேடித்தான் பார்க்க வேண்டியிருந்தது. சுபுஹு தொழுகையை நின்று தொழுது, கடைசி இருப்பில் இடப்பக்கம் பாரம் கொடுத்து உட்கார்ந்து, ஸலாம் கொடுத்துவிட்டு மதினியிடம், "இப்பப் பொய் இல்லையே மதினி? நின்னு தொழுதுட்டேனே" என்றேன். எப்படியாவது அவர் மனசிலிருந்து அதை இறக்கி வைக்க வேண்டுமென்று இருந்தது.

"அன்னைக்குச் சொன்னது அன்னைக்குப் பொய்தானே" என்றார் மதினி.

போனோம். பம்பாயில் கப்பலேறினோம். கப்பலில் எல்லோரும் வாந்தியெடுத்துக்கொண்டு கிடந்தார்கள், நான் நடந்து திரிந்தேன். கஅபாவை முதல்முதலாகக் கண்ணால் பார்க்கும்போது கேட்கிற துஆ வீண்போகாது என்பார்கள். நான் ஊரிலிருந்தே கேட்க வேண்டியதையெல்லாம் வரிசைப்படுத்தி வைத்திருந்தேன். பிள்ளைகளுக்கு, அவருக்கு, என் உம்மா வாப்பாவின் மறுமைக்கு. வாசலைத் தாண்டி உள்ளே போய் நிமிர்ந்து பார்த்தேன். கறுப்பாக அது கண்ணில் பட்டதும் வாயில் வந்தது, "யா அல்லா, எங்க மதினி சொன்ன பொய்யை மன்னிச்சிரு" என்பதுதான். மற்ற எதுவும் வரவில்லை. பக்கத்தில் அவர் கையேந்தி நின்றார். என்ன கேட்டாய் என்று பிறகு கேட்டார். பிள்ளைகளுக்குக் கேட்டேன் என்றேன்.

ஊர் திரும்பிய அன்று வீடு கொள்ளாத கூட்டம். ஜம்ஜம் தண்ணீர் கேட்கிறவர்கள், பேரீச்சம்பழம் கேட்கிறவர்கள், கையைப் பிடித்து முகத்தில் ஒற்றிக்கொள்கிறவர்கள். மதினி எல்லோருக்கும் சர்பத்து கலக்கிக் கொடுத்துக்கொண்டிருந்தார். கூட்டம் கலைந்த பிறகுதான் உள்ளறைக்கு வந்தார். என்னென்னவோ விசாரிப்பார் என்று நினைத்தேன்.

"கேட்டியா?" என்றார்.

"கேட்டேன் மதினி. மொதல்ல அதைத்தான் கேட்டேன்."

மதினி தலையை ஆட்டினார். போய்விடுவார் என்று பார்த்தேன். போகவில்லை. என் எதிரே பாயில் உட்கார்ந்து என் இரண்டு பாதத்தையும் அந்த அகலமான கைகளால் பிடித்துக்கொண்டார். நாத்தனார் என் காலைத் தொடுகிறாரே என்று பதறி நான் இழுத்தேன். விடவில்லை.

"அங்கன நடந்த காலுல்ல" என்றார். "எனக்கும் போகணும்னு ரொம்ப ஆசையா இருந்துச்சு புள்ள." சொல்லிவிட்டு, தம்பி முன்கூடத்தில் இருக்கிறார் என்றும் பாராமல் வாய்விட்டு அழுதார்.